பழி சுமந்த மூலக்கூறு

கிளாரன்ஸ் டெமார் அச்சுக்கோப்பவர். அச்சகத்துக்கு வேலைக்குப் போகும்போதும் வீடு திரும்பும்போதும் ஓடியே போகிறவர். பாஸ்டன் மாரத்தானை 7 முறை வென்றார். முதல் வெற்றி 1911இல். கடைசி வெற்றி 1930இல், அவருடைய 41ஆவது வயதில். இதயத்தில் ஏதோ சத்தம் கேட்கிறது, ஓடுவதை விட்டுவிடு என்று மருத்துவர்கள் எச்சரித்த மனிதர் அவர்.

அவரை 1920களின் பிற்பகுதியில் ஹார்வர்ட் களைப்பு ஆய்வகத்துக்கு அழைத்தார்கள். 1927இல் தொடங்கப்பட்ட அந்த ஆய்வகம் ஹார்வர்ட் வணிகவியல் கல்லூரியின் அடித்தளத்தில் இருந்தது. அதை நடத்தியவர்களில் முக்கியமானவர் டேவிட் புரூஸ் டில். வேதியியல் படித்துவிட்டு உடற்பயிற்சியின் பக்கம் வந்தவர். டெமாரையும் சாதாரண ஆட்களையும் ஒரே வேகத்தில் ஓடவிட்டு, ரத்தம் எடுத்து, அதிலுள்ள லாக்டிக் அமிலத்தை அளந்தார்கள். மற்றவர்களுக்கு அது பல மடங்கு ஏறியது. டெமாரின் ரத்தத்திலோ, சும்மா உட்கார்ந்திருக்கும்போது இருந்த அளவிலிருந்து அது அதிகம் நகரவே இல்லை.

இதற்கு இரண்டு விளக்கங்கள் சாத்தியம். டெமாரின் தசைகள் லாக்டிக் அமிலத்தைக் குறைவாக உண்டாக்கியிருக்கலாம். அல்லது மற்றவர்களைப் போலவே உண்டாக்கிவிட்டு, உண்டான வேகத்திலேயே அதைத் தீர்த்துக்கொண்டிருக்கலாம். ரத்தத்தில் எவ்வளவு இருக்கிறது என்று மட்டும் பார்ப்பவருக்கு இரண்டும் ஒரேமாதிரிதான் தெரியும். அன்றைய அறிவியல் முதல் விளக்கத்தைத் தயங்காமல் ஏற்றுக்கொண்டது. இரண்டாவதைச் சோதித்துப் பார்க்க ஒருவர் வருவதற்கு ஏறக்குறைய அரை நூற்றாண்டு ஆனது. ஜார்ஜ் புரூக்ஸ் என்ற அந்த ஆய்வாளரின் வாழ்க்கைப் பணி முழுவதையும் இந்த ஒரு மூலக்கூறே எடுத்துக்கொண்டது.

முதல் விளக்கம் அவ்வளவு வலுவாக வேரூன்றியதற்கு ஒரு தவளைக் கால் காரணம்.

கேம்பிரிட்ஜில் வால்டர் ஃபிளெட்சர், ஃபிரெடரிக் கௌலாண்ட் ஹாப்கின்ஸ் ஆகிய இருவரும் 1907இல் ஒரு நுட்பமான சிக்கலைத் தீர்த்தார்கள். தசையில் எவ்வளவு லாக்டிக் அமிலம் இருக்கிறது என்று பார்க்க வேண்டுமானால் தசையை அரைக்க வேண்டும். ஆனால் அரைக்கும் செயலே தசையைத் தூண்டி அமிலத்தைப் பெருக்கிவிடும். அதனால் அதற்கு முன் செய்த அளவீடுகளை நம்ப முடியவில்லை. இவர்கள் தவளையின் கால் தசையைப் பனிபோல் குளிர்ந்த ஆல்கஹாலில் போட்டு, அதற்குள்ளேயே அரைத்தார்கள். வேதிவினைகள் அப்படியே உறைந்து நின்றன. முதல்முறையாக நம்பத்தகுந்த எண்கள் கிடைத்தன. மின்சாரத்தால் தூண்டித் தூண்டிச் சோர்ந்துபோன தசையில் அமிலம் சேர்ந்திருந்தது. அதே தசையை ஆக்சிஜனில் வைத்தால் அமிலம் மறைந்தது. ஆக்சிஜன் இல்லாத இடத்தில் வைத்தால் மறையவில்லை.

அடுத்து ஜெர்மனியின் ஓட்டோ மேயர்ஹாஃபும் இங்கிலாந்தின் ஏ.வி. ஹில்லும் வந்தார்கள். மறைந்துபோகும் அமிலத்தில் சிறு பங்கு எரிகிறது, பெரும்பங்கு மறுபடியும் கிளைக்கோஜன் என்ற மாவுப்பொருளாகத் தசையிலேயே சேமிக்கப்படுகிறது என்று மேயர்ஹாஃப் கணக்கிட்டார். ஹில் தசை வெளியிடும் வெப்பத்தை அளந்தார். 1922ஆம் ஆண்டுக்கான நோபல் பரிசு இருவருக்கும் பகிர்ந்து அளிக்கப்பட்டது. ஹில் நல்ல ஓட்டக்காரர். முதுகில் காற்றுப்பையைக் கட்டிக்கொண்டு மான்செஸ்டரில் தன் தோட்டத்துப் புல்தரையில் தானே சுற்றிச் சுற்றி ஓடி, எவ்வளவு ஆக்சிஜன் செலவாகிறது என்று பார்த்தவர். ஓடும்போது உடல் ஆக்சிஜனைக் கடன் வாங்குகிறது, அந்தக் கடனின் வடிவம் லாக்டிக் அமிலம், ஓடி முடித்து மூச்சு வாங்கும்போது கடனை அடைக்கிறோம் என்று அவர் ஒரு முழுச் சித்திரத்தை வரைந்தார். ஒருவர் அதிகபட்சம் எவ்வளவு ஆக்சிஜனைப் பயன்படுத்த முடியும் என்ற அளவுகோலும் அவருடைய ஆய்விலிருந்துதான் வந்தது. இன்றும் உலகின் ஒவ்வொரு விளையாட்டு ஆய்வகமும் அதை வைத்துத்தான் வீரர்களை மதிப்பிடுகிறது.

இப்படி ஒரு சங்கிலி உருவாயிற்று. ஆக்சிஜன் போதவில்லை என்றால் லாக்டிக் அமிலம் சேரும். அமிலம் சேர்ந்தால் தசை களைக்கும், வலிக்கும். உடற்கல்விப் பாடநூல்கள் இதைச் சொல்லின. பயிற்சியாளர்கள் சொன்னார்கள். நம் ஊர் ஜிம்களிலும் மைதானங்களிலும் இன்றைக்கும் காதில் விழுகிறது: கால் பிடித்துக்கொண்டால் லாக்டிக் ஆசிட் சேர்ந்துவிட்டது என்பார்கள்.

ஃபிளெட்சரும் ஹாப்கின்ஸும் செய்த சோதனையில் பிழை எதுவும் இல்லை. ஆனால் வெட்டி எடுத்த காலில் ரத்த ஓட்டம் இல்லை. பக்கத்தில் கல்லீரல் இல்லை, இதயம் இல்லை. அங்கே உண்டாகும் லாக்டிக் அமிலத்துக்குப் போவதற்கு இடமே கிடையாது. தேங்குவதைத் தவிர அது வேறென்ன செய்யும்? தேங்கியதைப் பார்த்தவர்கள், தேங்குவதே அதன் இயல்பு என்று முடிவு கட்டினார்கள். உயிரோடு ஓடுகிற விலங்கில் அது எங்கே போகிறது என்ற கேள்வி பெரும்பாலோரைத் தொந்தரவு செய்யவில்லை.

புரூக்ஸ் நியூயார்க்கின் குவீன்ஸ் கல்லூரியில் படித்தபோது தடகள ஓட்டக்காரர். லாக்டிக் அமிலம்தான் உன் வேகத்துக்குத் தடை என்ற பேச்சைக் கேட்டே ஓடியவர். பிறகு மிச்சிகன் பல்கலைக்கழகத்தில் முனைவர் பட்டம் முடித்து, 1970களின் தொடக்கத்தில் கலிஃபோர்னியாவின் பெர்க்லிக்கு வந்தார். ஆய்வாளராக அவர் எடுத்த முதல் கேள்வியே ஹில்லின் கடன் கணக்கைச் சரிபார்ப்பதாக இருந்தது. மேயர்ஹாஃபும் ஹில்லும் சொன்னபடி, ஓடி முடித்தபின் லாக்டேட்டின் பெரும்பங்கு உண்மையிலேயே கிளைக்கோஜனாக மாறுகிறதா?

(லாக்டிக் அமிலம், லாக்டேட் என்று இரண்டு பெயரும் புழங்குகின்றன. உடலின் சூழலில் இந்த அமிலம் தன் ஹைட்ரஜன் அயனியை உதறிவிட்டு, ஏறக்குறைய முழுவதும் லாக்டேட்டாகவே இருக்கிறது. ஆகவே இனி லாக்டேட் என்றே சொல்கிறேன்.)

இந்தக் கேள்விக்கு விடை காண அவர் எடுத்த கருவி கதிரியக்கக் கார்பன். லாக்டேட்டில் மூன்று கார்பன் அணுக்கள் உண்டு. அவற்றைக் கார்பன்-14 ஆக மாற்றி வைத்தால், அந்த அணு உடலில் எங்கே போனாலும் கண்டுபிடித்துவிடலாம். களைத்து விழும்வரை எலிகளை ஓடவிட்டு, அடையாளமிட்ட லாக்டேட்டை ரத்தத்தில் செலுத்தி, அவை வெளிவிடும் மூச்சைச் சேகரித்தார்கள். தசையையும் கல்லீரலையும் பிரித்து, எந்தப் பொருளில் எவ்வளவு கதிரியக்கம் இருக்கிறது என்று பார்த்தார்கள். பழைய கோட்பாடு சரியென்றால் கிளைக்கோஜனில்தான் அது குவிந்திருக்க வேண்டும். அங்கே மிகக் கொஞ்சமே இருந்தது. பெரும்பகுதி மூச்சுக்காற்றில் கார்பன் டை ஆக்சைடாக வெளியே வந்திருந்தது. எலிகள் லாக்டேட்டை எரித்திருந்தன. கழிவு என்று நினைத்தது விறகாக இருந்தது.

யோசித்துப் பார்த்தால் இதில் வியப்பதற்கே இடமில்லை. குளுக்கோஸ் ஆறு கார்பன் கொண்டது. அதை நடுவில் பிளந்தால் மூன்று கார்பன் கொண்ட இரண்டு துண்டுகள், அவைதான் லாக்டேட். இந்தப் பிளவில் வெளிப்படும் ஆற்றல் மிகக் குறைவு. குளுக்கோஸில் இருந்த ஆற்றலில் பத்தில் ஒன்பது பங்குக்கு மேல் லாக்டேட்டிலேயே இன்னும் இருக்கிறது. இவ்வளவு பொருளை உடல் குப்பை என்று ஒதுக்கும் என்று எப்படி நம்பினோம் என்பதுதான் எனக்கு ஆச்சரியம்.

இருந்தாலும் டெமாரின் புதிர் அப்படியே நின்றது. அதைத் தீர்க்க, அளவையும் ஓட்டத்தையும் பிரித்துப் பார்க்க வேண்டியிருந்தது. கண்மாயின் நீர்மட்டம் மாறாமல் இருக்கிறது என்றால் வரத்துக் கால்வாய் வறண்டு, மடையும் அடைத்திருக்கலாம்; அல்லது கால்வாயில் வெள்ளமாகத் தண்ணீர் வந்து, மடைவழியே அதே அளவு பாய்ந்துகொண்டும் இருக்கலாம். கரையில் நட்ட அளவுகல்லைப் பார்த்து இதைச் சொல்ல முடியாது. ரத்தம் எடுத்து லாக்டேட்டின் அளவைப் பார்ப்பது அளவுகல்லைப் பார்ப்பதுதான். அடையாளமிட்ட லாக்டேட்டைத் தொடர்ந்து ரத்தத்தில் செலுத்தி, அது எவ்வளவு வேகத்தில் கரைந்துபோகிறது என்று பார்த்தால் வரத்தும் போக்கும் தனித்தனியே தெரியும்.

புரூக்ஸும் அவருடைய மாணவர் கேசி டோனவனும் 1983இல் இதைப் பயிற்சி பெற்ற எலிகளிலும் பெறாத எலிகளிலும் செய்தார்கள். ஓடும்போது பயிற்சி பெற்ற எலிகளின் ரத்தத்தில் லாக்டேட் குறைவு, டெமாருக்கு இருந்ததுபோலவே. ஆனால் அவை லாக்டேட்டை உண்டாக்கும் வேகம் பயிற்சி இல்லாத எலிகளின் வேகத்தைப் போலவே இருந்தது. வேறுபாடு தீர்க்கும் வேகத்தில் இருந்தது. பயிற்சி, லாக்டேட் வராமல் தடுக்கவில்லை. வந்ததை உடனே செலவழிக்கும் திறனைக் கூட்டியிருந்தது.

மனிதர்களில் இதைக் காட்டக் கதிரியக்கம் இல்லாத கார்பன்-13 வந்தது. 1990களில் பெர்க்லியில் நடந்த சோதனை ஒன்றை மனக்கண்ணில் கொண்டுவந்து பாருங்கள். ஓர் இளைஞர் மிதிவண்டி எந்திரத்தில் மிதித்துக்கொண்டிருக்கிறார். அவருடைய தமனியில் ஒரு மெல்லிய குழாய். தொடையிலிருந்து ரத்தம் வெளியேறும் சிரையில் இன்னொன்று. காலுக்குள் நுழையும் ரத்தத்தையும் காலிலிருந்து வெளியேறும் ரத்தத்தையும் ஒரே நேரத்தில் எடுத்து ஒப்பிடுகிறார்கள். வெறும் அளவை மட்டும் பார்த்தால் கால் லாக்டேட்டை வெளியே தள்ளிக்கொண்டிருப்பதுபோல்தான் தெரியும். அடையாளமிட்ட அணுக்கள் வேறு கதை சொல்லின. அதே கால், அதே நொடியில், ரத்தத்திலிருந்து லாக்டேட்டை உள்ளே இழுத்து எரித்துக்கொண்டும் இருந்தது. ஒன்பது வாரப் பயிற்சிக்குப் பிறகு, இழுத்து எரிக்கும் இந்தத் திறன் கூடியிருந்தது.

இந்த ஏற்பாட்டுக்கு 1980களின் நடுவிலேயே புரூக்ஸ் 'லாக்டேட் ஷட்டில்' என்று பெயர் வைத்துவிட்டார். தறியில் இரு பக்கமும் போய்வரும் ஓடம்தான் ஷட்டில். வேகமாகச் சுருங்கும் தசை நார்கள் குளுக்கோஸைப் பிளந்து லாக்டேட்டை வெளியேற்றுகின்றன. பக்கத்திலேயே இருக்கும் மெதுவான, செல்லின் எரிஉலைகளான மைட்டோகாண்ட்ரியா நிறைந்த நார்கள் அதை வாங்கி எரிக்கின்றன. மிச்சம் ரத்தத்தில் கலக்கிறது. கடும் உழைப்பின்போது இதயம் அதை விரும்பி எரிக்கிறது. கல்லீரல் அதை எடுத்து மறுபடி குளுக்கோஸ் ஆக்கித் திருப்பி அனுப்புகிறது. இந்தக் கடைசி வழியைக் கார்ல் கோரி, கெர்ட்டி கோரி தம்பதி 1920களிலேயே கண்டிருந்தார்கள். மிதமான வேகத்தில் நீண்ட நேரம் உழைக்கும்போது, உண்டாகும் லாக்டேட்டில் ஏறக்குறைய முக்கால் பங்கு எரிகிறது, மீதி பெரும்பாலும் குளுக்கோஸாகிறது என்பது புரூக்ஸ் குழுவின் கணக்கு. இதில் எனக்கு மிகவும் பிடித்தது, ஆக்சிஜன் தாராளமாக இருக்கும்போதும் இவை எல்லாம் நடக்கின்றன என்பது. பற்றாக்குறையின் அறிகுறி என்று படித்த ஒன்று, உறுப்புகள் தங்களுக்குள் எரிபொருளைப் பங்கிட்டுக்கொள்ளும் அன்றாட வழியாக இருக்கிறது.

லாக்டேட் செல்லின் சவ்வைத் தானாகக் கடந்துவிடாது. அதற்கு வாசல் வேண்டும். டல்லஸில் கொலஸ்டிராலைப் பற்றி ஆராய்ந்து நோபல் பெற்ற பிரவுன், கோல்ட்ஸ்டைன் ஆகியோரின் ஆய்வகம் 1994இல் அந்த வாசலின் மரபணுவை அடையாளம் கண்டது. அவர்கள் தேடிப் போனது வேறொன்றை. கிடைத்த புரதத்துக்கு எம்சிடி1 என்று பெயர். அது மெதுவான நார்களிலும் இதயத்திலும் நிறைய இருக்கிறது. தாங்குதிறன் பயிற்சியால் அதன் எண்ணிக்கை கூடுகிறது. வேக நார்களில் எம்சிடி4 என்ற இன்னொரு வகை, லாக்டேட்டை வெளியே விடுவதற்கு ஏற்றதாக இருக்கிறது. தன் கோட்பாடு எதிர்பார்த்த வாசல் தன்னோடு தொடர்பே இல்லாத ஓர் ஆய்வகத்திலிருந்து வந்தது புரூக்ஸுக்கு எவ்வளவு பலமாக இருந்திருக்கும்!

ஏனென்றால் அவருக்கு எதிர்ப்பு பலமாக இருந்தது. கட்டுரைகள் நிராகரிக்கப்பட்டதையும் ஆய்வு நிதி கிடைக்கப் பட்ட பாட்டையும் அவரே பின்னர் பேட்டிகளில் சொல்லியிருக்கிறார். நோபல் பரிசு பெற்ற ஒரு சித்திரத்தை, அதுவும் உள்ளுக்குள் முரண் இல்லாமல் அழகாகப் பொருந்தி நிற்கும் ஒன்றை, ஒரு முன்னாள் ஓட்டக்காரர் எலிகளின் மூச்சை வைத்து மறுக்கிறார் என்றால் யார் உடனே ஏற்பார்கள்? எல்லா எதிர்ப்பும் பிடிவாதமும் அல்ல. லாக்டேட் நேரே மைட்டோகாண்ட்ரியாவுக்குள்ளேயே நுழைந்து எரிகிறது என்று அவர் பின்னாளில் முன்வைத்த கருத்தை ஸ்காண்டிநேவிய ஆய்வகங்கள் 2002இல் சோதித்து, தங்களுக்கு அப்படி எதுவும் கிடைக்கவில்லை என்றன. அந்த விவாதத்தில் இரு பக்கமும் திறமையானவர்கள் இருந்தார்கள். உறுப்புகளுக்கு இடையேயான போக்குவரத்தைப் பற்றி மட்டும் இன்று யாருக்கும் சந்தேகம் இல்லை.

வலியின் கதை தனி. மறுநாள் தொடை கனத்து மாடிப்படி இறங்க முடியாமல் போவதற்கு லாக்டேட் காரணமாக இருக்க முடியாது. ஓடி முடித்த ஒரு மணி நேரத்துக்குள் ரத்தத்தில் அது பழைய அளவுக்கு வந்துவிடும். 1983இல் வெளியான ஓர் ஆய்வில் ஆட்களைச் சமதளத்திலும் சரிவில் இறங்குமுகமாகவும் 45 நிமிடம் ஓடவிட்டார்கள். சமதளத்தில் ஓடியபோது லாக்டேட் ஏறியது. பிறகு வலி வரவில்லை. இறங்குமுகமாக ஓடியபோது லாக்டேட் ஏறவே இல்லை; இரண்டு நாள் வலித்தது. நீளும்போதே சுருங்க முயலும் தசை நார்களில் நுண்ணிய சேதம் ஏற்படுகிறது, அதைச் சீர்படுத்தும் வேலைதான் வலிக்கிறது. கடும் ஓட்டத்தின் நடுவில் தசை எரிவதற்கும் சோர்வதற்கும் ஹைட்ரஜன் அயனிகள், பாஸ்பேட் போன்ற வேறு சில காரணிகள் உண்டு. 400 மீட்டர் ஓடி முடித்த ஒரு வீரரின் ரத்தத்தில் லாக்டேட் ஓய்வு நிலையைப் போல இருபது மடங்குகூட இருக்கலாம். அவ்வளவு இருக்கிறது என்பதால் அதுவே குற்றவாளி ஆகிவிடாது.

இவையெல்லாம் பயிற்சிக் களத்துக்கும் போய்ச் சேர்ந்தன. நீச்சல் குளத்தின் கரையிலும் மிதிவண்டிப் பந்தய முகாம்களிலும் காது மடலிலோ விரல் நுனியிலோ ஒரு சொட்டு ரத்தம் எடுத்து லாக்டேட் பார்ப்பது பல ஆண்டுகளாகவே வழக்கம். இப்போது அந்த எண்ணைப் படிக்கும் விதம் மாறியிருக்கிறது. டூர் டி பிரான்ஸை 2020, 2021 ஆண்டுகளில் வென்ற ததேய் போகச்சாருக்கு அந்தக் காலத்தில் பயிற்சியாளராக இருந்த இனிகோ சான் மில்லான், புரூக்ஸோடு சேர்ந்து 2018இல் ஓர் ஆய்வு வெளியிட்டார். தொழில்முறை மிதிவண்டி வீரர்கள், ஓரளவு உடற்பயிற்சி செய்பவர்கள், சர்க்கரை நோயின் விளிம்பில் நிற்கும் வளர்சிதை மாற்றக் கோளாறு உள்ளவர்கள் ஆகிய மூன்று குழுக்களை மிதிக்கவைத்து, லாக்டேட்டையும் கொழுப்பு எரியும் வேகத்தையும் சேர்த்துப் பார்த்தார்கள். வீரர்கள் நெடுநேரம் கொழுப்பை எரித்தார்கள். அவர்களின் லாக்டேட் மிகத் தாமதமாகவே ஏறியது. மூன்றாவது குழுவினருக்குத் தொடக்கத்திலேயே லாக்டேட் ஏறியது, கொழுப்பு எரிவது சரிந்தது. ஒரே அளவீட்டுக் கோட்டின் ஒரு முனையில் டூர் டி பிரான்ஸும் மறுமுனையில் நீரிழிவு மருத்துவமும் இருக்கின்றன. உச்ச வீரர்களைப் படிப்பதால் மற்றவர்களுக்கு என்ன பயன் என்று கேட்பவர்களுக்கு, இதைவிட நல்ல விடை எனக்குத் தெரியாது.

பெர்க்லிக்கு வெளியிலிருந்து 2017இல் மிகப் பெரிய ஆதரவு வந்தது. பிரின்ஸ்டனில் ஜோஷுவா ரபினோவிட்ஸின் குழு, எலிகளின் ரத்தத்தில் ஓடும் மூலக்கூறுகளில் எது எவ்வளவு வேகமாகப் புரள்கிறது என்று அடையாளமிட்டு அளந்தது. முதலிடம் லாக்டேட்டுக்கு, குளுக்கோஸையும் அது மிஞ்சியிருந்தது. பல திசுக்களின் மைட்டோகாண்ட்ரியா, குளுக்கோஸின் கார்பனைப் பெருமளவு லாக்டேட் வழியாகவே பெறுகின்றன என்றது அந்த ஆய்வு.

பெர்க்லி ஆய்வகம் 2024இல் வெளியிட்ட சோதனையில் ஓட்டம் கிடையாது, மிதிவண்டியும் கிடையாது. இரவு முழுக்கச் சாப்பிடாமல் வந்த ஆரோக்கியமான ஆட்களை உட்காரவைத்து, 75 கிராம் குளுக்கோஸ் கரைத்த நீரைக் குடிக்கச் சொன்னார்கள். சர்க்கரை நோய் சோதனைக்குக் கொடுப்பார்களே, அதே கரைசல். பிறகு அடுத்தடுத்து ரத்தம் எடுத்தார்கள். குடித்த சில நிமிடங்களில் லாக்டேட் ஏறிவிட்டது. குளுக்கோஸ் உச்சத்தைத் தொட்டது அதற்குப் பிறகுதான். குடல் சர்க்கரையின் ஒரு பகுதியைப் பிளந்து லாக்டேட்டாகவே ரத்தத்துக்குள் விட்டுக்கொண்டிருந்தது. ஆக்சிஜனுக்குத் தட்டுப்பாடே இல்லாத ஓர் உடலில், தசை அசையாத நேரத்தில், சாப்பாட்டுக்குப் பிறகான சாதாரண வேலையாக.